கிராம உதவியாளர் தேர்வு: எழுத்துத் தேர்வில் முதலிடம், நியமன ஆணை வேறொருவருக்கு. வழக்கு நிற்குமா?

தேனிக்காற்று:
பணியிடம் ஒன்றே ஒன்று. வாசிப்பு, எழுதுதல் தேர்வில் முந்திய என்னை விட்டுவிட்டு, நேர்காணலில் மதிப்பெண் அள்ளிய இன்னொருவருக்கு ஆணை போயிருக்கிறது. மதிப்பெண் பட்டியலை எங்கும் ஒட்டவில்லை. நேராக ஐகோர்ட்டுக்குப் போகலாமா? அதற்கு முன் கையில் என்ன இருக்க வேண்டும்?

வைகைக்கரை:
முதலில் இனசுழற்சியை, அதாவது எந்தப் பணியிடம் எந்த இட ஒதுக்கீட்டுப் பிரிவுக்கு என்ற வரிசையைப் பாருங்கள். ஒற்றைப் பணியிடத்தில் மதிப்பெண்ணைவிட அதுதான் முடிவு செய்யும். அறிவிக்கையில் எந்தச் சுழற்சி என்று போட்டிருக்கிறது, ஆதரவற்ற விதவை போன்ற முன்னுரிமை உண்டா, ஆணை பெற்றவர் அதில் வருகிறாரா? வருகிறார் என்றால் வழக்கு வேண்டாம். அறிவிக்கையில் ஒரு சுழற்சி, பதிவேட்டில் வேறு சுழற்சி என்றால் அதுவே உங்கள் பலமான வாதம்.

வழக்குமேடை:
போகலாம். அரசுப் பணி வழக்குகளை விசாரித்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லை. அரசியல் சாசனத்தின் 226-ஆவது பிரிவின்கீழ், அரசின் ஆணையை எதிர்த்து ஐகோர்ட்டில் நேரடியாகப் போடும் ரிட் மனுதான். தேனி மாவட்டம் என்றால் மதுரைக் கிளை.

ஆனால் காகிதம் இல்லாமல் போகாதீர்கள். இன்றே ஆர்டிஐ (தகவல் உரிமைச் சட்ட) மனு போடுங்கள். பத்து ரூபாய் கோர்ட் பீஸ் வில்லை போதும். "ஏன் எனக்குத் தரவில்லை" என்று கேட்டால் பதில் வராது. ஆவணமாகக் கேளுங்கள்: மதிப்பெண் பகுப்பு (எழுத்துக்கு எவ்வளவு, நேர்காணலுக்கு எவ்வளவு என்பது) முடிவான நாளிட்ட குறிப்பு, உங்கள் விடைத்தாள் நகல், எல்லோருடைய எழுத்து, நேர்காணல் மதிப்பெண்களின் தொகுப்புப் பட்டியல், இனசுழற்சிப் பதிவேட்டின் அந்தப் பக்கம். நேர்காணல் செய்தவர் பெயரைத் தர மறுப்பார்கள். பெயரை மறைத்துக் கொடுங்கள் என்று மனுவிலேயே எழுதிவிடுங்கள். 30 நாளில் பதில் இல்லையென்றால் முதல் மேல்முறையீடு. அதற்காக ரிட்டைத் தள்ளிப்போடக் கூடாது. ரிட்டுக்குக் கெடு நாள் கிடையாதுதான், ஆனாலும் தாமதம் ஒன்றைக் காட்டியே மனுவைத் தள்ளிவிட முடியும்.

நாள் குறிப்பைக் கேட்கச் சொல்வது சும்மா இல்லை. தேர்வு தொடங்கிய பின் விதியை மாற்றக் கூடாது, முன்பே விதி இடம் கொடுத்திருந்தால் ஒழிய என்று 2024 நவம்பரில் தேஜ் பிரகாஷ் பாடக் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சொல்லிவிட்டது. நேர்காணலுக்குப் பிறகு பகுப்பை மாற்றியிருந்தால் பிடி கிடைத்துவிடும்.

கோப்புக்கட்டு:
பலர் சறுக்கும் இடம்: ஆணை பெற்றவரை எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் விடுவது. அவரைக் கேட்காமல் அவர் வேலையைக் கோர்ட் ரத்து செய்யாது. கோரிக்கையிலும் கவனம் வேண்டும். "எனக்கு வேலை கொடு" என்று மட்டும் கேட்காதீர்கள். பட்டியலில் பெயர் இருந்தாலே நியமன உரிமை வந்துவிடாது என்று 1991-லேயே சங்கர்சன் தாஷ் வழக்கில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு உண்டு. ஆணையை ரத்து செய்து, விதிப்படி மறுபடி பரிசீலிக்கும்படி கேளுங்கள். நேர்காணல் மதிப்பெண்ணை நீதிபதி தாமே திருத்திப் போடமாட்டார்.

தேனிக்காற்று:
உள்ளூர்க்காரர் என்று ஆணை பெற்றவருக்குக் கூடுதல் மதிப்பெண்ணும் உண்டாம். அது செல்லுமா?

வழக்குமேடை:
ராஜஸ்தானில் ஆசிரியர் தேர்வில் அதே மாவட்டத்தாருக்கு 10, கிராமத்தாருக்கு 5 என்று கொடுத்ததை 2002-ல் கைலாஷ் சந்த் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. வசிப்பிடத்தை வைத்து அரசு வேலையில் பாகுபாடு கூடாது என்று அரசியல் சாசனத்தின் 16(2) பிரிவு சொல்கிறது. ஆனால் அங்கேயும் ஏற்கெனவே சேர்ந்தவர்களை அசைக்கவில்லை. நேரத்தோடு கோர்ட்டுக்கு வந்தவர்களுக்குத்தான் பலன். உங்கள் அறிவிக்கையிலேயே அந்த மதிப்பெண் இருந்தால், ஆணையோடு அந்த விதியையும் எதிர்த்தாக வேண்டும். "தெரிந்துதானே கலந்துகொண்டீர்கள்" என்று அரசுத் தரப்பு கேட்கும். தேர்வுமுறையே சட்டவிரோதம் என்றால் அந்தத் தடை பொருந்தாது என்பதற்கு உச்ச நீதிமன்றத்தின் 2019 மீதா சகாய் தீர்ப்பைக் காட்டுங்கள்.