தோட்ட வேலை போனால் மலையகத்தவர் என்ற அடையாளமும் போய்விடுமா?

மஸ்கெலியா வாசகர்:

இலங்கையின் மலையகத் தமிழர் என்ற சமூகத்தைத் தோட்டத் தொழில்தான் உருவாக்கியது என்பதை நாம் சங்கடத்தோடு ஒதுக்கி வைக்கப் பார்க்கிறோம். 1823இல் கம்பளைக்கு அருகே சிங்ஹப்பிட்டியவில் கோப்பித் தோட்டத்துக்கு ஆட்கள் கொண்டுவரப்பட்டது முதல், திருச்சி, சேலம், புதுக்கோட்டை, இராமநாதபுரம் என்று பல ஊர்களிலிருந்தும் பல சாதிகளிலிருந்தும் வந்தவர்களை ஒரே சனமாக ஆக்கியவை, காலையில் ஆட்களை நிறுத்திப் பெயர் எடுக்கும் பிரட்டும், ஆளுக்கு ஆள் பிரித்துக் கொடுக்கும் செடி வரிசையான நிரையும், வரிசையாகக் கட்டிய தோட்டக் குடியிருப்பான லயமும்தான். ஒன்றாக வேலை செய்ததால் ஒன்றாகக் கேட்க முடிந்தது. 1940இல் முல்லோயாத் தோட்டத்தில் தொழிலாளி கோவிந்தன் சுட்டுக் கொல்லப்பட்ட போராட்டமும் சம்பளத்துக்கான போராட்டமே.

இன்று நிலை வேறு. 1992இல் தோட்டங்களின் நிர்வாகம் தனியார் கம்பனிகளிடம் போனபோது மூன்று இலட்சத்துக்கும் மேல் இருந்த பதிவுத் தொழிலாளர் தொகை இப்போது அதில் பாதிகூட இல்லை. பிள்ளைகள் கொழும்பில் கடைச் சிப்பந்திகளாகவும், ஆடைத் தொழிற்சாலைகளிலும், வளைகுடா நாடுகளிலும் தனித்தனியாகச் சிதறிக் கிடக்கிறார்கள். அவர்கள் போகக் கூடாது என்று நான் சொல்லவில்லை. ஆனால் தேயிலை மலையை விட்டு இறங்கியவர்கள், அந்த மலையில் எங்களுக்குக் காணி வேண்டும் என்று நாளை எந்தப் பலத்தை வைத்துக் கேட்பார்கள்?

வத்தளைவாசி:

நான் பொகவந்தலாவையில் லயத்தில் பிறந்து, கொழும்பில் கணக்கு வேலை பார்ப்பவன். எங்களை ஒன்றாக்கியது பிரட்டு என்று நீங்கள் எழுதியதை வாசித்தபோது, ஆட்களைக் கூட்டிவந்து வேலை வாங்கிய பெரிய கங்காணியின் கடன் கணக்கும் அதே பிரட்டில்தான் நின்றது என்பதை எப்படி விட்டுவிட்டீர்கள் என்று தோன்றியது.

அடையாளம் தொழிலிலிருந்து வந்தது என்ற வாதத்தை வரலாறு ஏற்கவில்லை. எங்கள் ஆட்களின் குடியுரிமையைப் பறித்த 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டம் எங்களிடம் என்ன வேலை செய்கிறாய் என்று கேட்கவில்லை. தகப்பனும் பாட்டனும் எங்கே பிறந்தார்கள் என்றுதான் கேட்டது. 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் 9,75,000 பேரைப் பற்றிப் பேசி, அவர்களில் பெரும்பாலோரை இரு நாடுகளுக்குமாகப் பங்கு பிரித்தபோது, அந்த மக்களிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. இந்தியாவுக்கு அனுப்பப்பட்டவர்களில் பலர் நீலகிரியில் தமிழ்நாடு அரசின் டான்டீ தேயிலைத் தோட்டங்களில் அதே கொழுந்தைப் பறித்தார்கள். வேலை மாறவில்லை. ஆனால் அங்கே அவர்கள் சிலோன்காரர் ஆனார்கள். தொழில்தான் அடையாளம் என்றால், அது அவர்களோடு கப்பலேறி அங்கும் போயிருக்க வேண்டும்.

ஆகவே கூடையை இறக்கி வைப்பதை ஓர் இழப்பாகப் பார்க்க எனக்கு முடியவில்லை. யாரும் விரும்பிச் சுமந்த கூடை அல்ல அது.

லிந்துலை ஆசிரியர்:

வத்தளை நண்பரே, கொழும்பில் ஊர் எது என்று கேட்டால் நீங்கள் என்ன சொல்கிறீர்கள்? என்னிடம் படித்துவிட்டு அங்கே போன பிள்ளைகள் நுவரெலியா என்றோ கண்டி என்றோ சொல்லி நிறுத்திக்கொள்கிறார்கள்; தோட்டத்தின் பெயர் அவர்கள் வாயில் வருவதில்லை. 2012ஆம் ஆண்டுக் குடிசனத் தொகைமதிப்பில் இந்தியத் தமிழர் என்று பதிவானவர்கள் ஏறத்தாழ 8 இலட்சத்து 39 ஆயிரம் பேர். 2024இல் மலையகத் தமிழர் என்ற பெயரும் சேர்க்கப்பட்டிருந்தபோதும் அந்தத் தொகை 6 இலட்சத்தளவில் நின்றுவிட்டது. இத்தனை பேர் கடல் கடந்து போய்விட்டார்கள் என்று நான் நம்பவில்லை. பெரும்பகுதியினர் படிவத்தில் வேறு கட்டத்துக்குப் போயிருக்கிறார்கள் என்பதே என் கணிப்பு.

வத்தளைவாசி:

ஹட்டன் என்று சொல்கிறேன், ஆசிரியர் ஐயா. நேர்முகத் தேர்வில் தோட்டத்தின் பெயரைச் சொல்லி நான் பெற்றது என்ன என்று நீங்கள் கேட்டிருந்தால் அதற்கும் பதில் சொல்லியிருப்பேன்: அடுத்த கேள்வி என் ஆங்கிலத்தைப் பற்றியதாக இருந்தது. படிவத்தில் கட்டம் மாறியவர்களைக் குறை கூறுமுன், அவர்களை மாறத் தூண்டியவர்களையும் கொஞ்சம் பாருங்கள்.

ஹாலி-எலப் பெண்:

மூவருமே வேலை எங்கோ போய்விட்டது போலப் பேசுகிறீர்கள். வேலை போகவில்லை. கொழுந்து இன்றும் கையால்தான் பறிக்கப்படுகிறது. யாருடைய கை, எந்தக் கணக்கில் என்பதுதான் மாறியிருக்கிறது.

என் தாயார் சேவைக்காலப் பணத்தை எடுத்துக்கொண்டு ஓய்வு பெற்றவர். இப்போது அதே மலையில், அதே நிரையில் கைக்காசுக்குப் பறிக்கிறார். தொழிலாளர் பதிவேடான செக்ரோலில் அவர் பெயர் இல்லை, ஆகவே ஊழியர் சேமலாப நிதி (ஈ.பி.எப்.), ஊழியர் நம்பிக்கை நிதி (ஈ.டி.எப்.) இரண்டும் இல்லை. மடுவத்தில் தராசு நிறுக்கும்போது சாக்குக்கு ஒரு கழிப்பு, கொழுந்து நனைந்திருந்தால் தண்ணீருக்கு இன்னொரு கழிப்பு. ஹாலி-எலயில் மழை இல்லாத நாளிலும் பனி இருக்கும், ஆகவே இரண்டாவது கழிப்பு ஏறக்குறைய நிரந்தரம். கழித்து மிஞ்சிய கிலோவுக்குத்தான் காசு. 2024 செப்டம்பரில் நாட்சம்பளம் 1,350 ரூபா என்று அறிவிக்கப்பட்டபோது எங்கள் லயத்தில் வெடி கொளுத்தினார்கள். என் தாயார் வெளியே வந்து பார்த்துவிட்டு உள்ளே போனார், ஏனென்றால் அந்தத் தொகை செக்ரோலில் இருப்பவர்களுக்கு உரியது.

பக்கத்து டிவிஷனில் குடும்பத்துக்கு இத்தனை செடி என்று பிரித்துக் கொடுத்திருக்கிறார்கள். புல் வெட்டுவதும் உரம் போடுவதும் குடும்பத்தின் பொறுப்பு. கொழுந்தைக் கம்பனியின் தொழிற்சாலைக்கே கொடுக்க வேண்டும். உரத்துக்கும் மருந்துக்கும் கழித்த பிறகு கைக்கு வருவது எவ்வளவு என்பதைக் கம்பனியின் கணக்குச் சொல்லும். காலி, மாத்தறை, இரத்தினபுரிப் பக்கத்துச் சிறுதோட்டக்காரரைப் போல நீங்களும் முதலாளிகள் என்று அவர்களுக்கு விளக்கப்படுகிறது. நாட்டின் தேயிலையில் பெரும்பங்கைத் தருபவர்கள் அந்தச் சிறுதோட்டக்காரர்கள் என்பது உண்மைதான். ஆனால் அவர்களில் பெரும்பாலோருக்கு நிலம் சொந்தம். தரகர் சொல்லும் விலை பிடிக்காவிட்டால் இன்னொரு தொழிற்சாலைக்குக் கொழுந்தை ஏற்றலாம். இங்கே காணி உறுதியும் இல்லை, இன்னொரு தொழிற்சாலையும் இல்லை.

இன்னொன்றையும் கவனியுங்கள். இறங்கிப் போனவர்களில் அதிகம் ஆண்கள். மலையில் நிற்பவர்களில் அதிகம் பெண்கள். ஆணுக்கும் பெண்ணுக்கும் சம சம்பளம் என்பதே 1984இல்தான் வந்தது. தொழிற்சங்கத்துக்குத் தலைவர் யார் என்று பார்த்தால் பறிப்பவர்கள் யார் என்பது தெரியாது.

மஸ்கெலியா வாசகர்:

சகோதரி எழுதியது என் பக்கத்துக்கே வலுச் சேர்க்கிறது. 2021இல் சம்பள நிர்ணய சபை 900 ரூபா அடிப்படைச் சம்பளமும் 100 ரூபா வரவுசெலவுத்திட்டக் கொடுப்பனவும் என்று ஆயிரம் ரூபாவை உறுதி செய்தபோது, கம்பனிகள் தொழிற்சங்கங்களோடு சம்பளம் பேசிச் செய்துவந்த கூட்டு ஒப்பந்தத்தை விட்டு விலகிக்கொண்டன. அதற்குப் பின் நடப்பவை எல்லாம் ஒரே திசையில் போகின்றன: பதிவுத் தொழிலாளி கைக்காசுக்காரராகிறார், கைக்காசுக்காரர் செடி குத்தகைக்காரராகிறார். ஒவ்வொரு படியிலும் அவர் கூடுதலாகத் தனி ஆளாகிறார். தனி ஆளுக்கு வேலைநிறுத்தம் கிடையாது.

ஹாலி-எலப் பெண்:

உங்கள் பக்கத்துக்கு வலுச் சேர்க்கவில்லை, ஐயா. கூட்டு ஒப்பந்தம் நடைமுறையில் இருந்த காலத்திலேயே கிலோ குறைந்தால் அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம், போட்டார்கள். அதற்கு எந்தச் சங்கமும் வேலைநிறுத்தம் செய்து நான் பார்த்ததில்லை.

வவுனியாக் கமக்காரன்:

என் பெற்றோர் 1977இல் தமிழருக்கு எதிராக நடந்த வன்செயலுக்குப் பின் தெல்தோட்டையிலிருந்து வன்னிக்கு வந்தவர்கள். நான் தேயிலைச் செடியைப் படத்தில்தான் அதிகம் பார்த்திருக்கிறேன். உளுந்தும் நெல்லும் விதைக்கிறேன், என் பிள்ளைகளும் அதையே செய்கிறார்கள். ஆனாலும் கோயில் திருவிழாவில் சண்டை வந்தால் எங்களுக்கு விழும் பெயர் தோட்டக்காட்டார்தான். தொழிலை விட்டால் அடையாளம் போய்விடும் என்ற கவலை மஸ்கெலியா நண்பருக்கு வேண்டியதில்லை. விட்டாலும் அது போவதில்லை, மற்றவர்கள் விட மாட்டார்கள். வத்தளை நண்பருக்கும் இதே பதில்தான். நீங்கள் ஹட்டன் என்று சொல்லி முடித்த பிறகும் கேட்பவர் மனதில் ஒரு கணக்கு ஓடும்.

இங்கே எங்களுக்கு உண்மையில் குறையாக இருந்தது பெயர் அல்ல, காணி. அடுத்தவர் நிலத்தில் கூலிக்கு நின்ற பல குடும்பங்களுக்கு இன்றும் ஒழுங்கான பத்திரம் கிடையாது. தேயிலை மலையில் லயம் எப்படியோ, வயற்கரையில் கொட்டிலும் அப்படியே.

வத்தளைவாசி:

இந்த இடத்துக்குத்தான் விவாதம் வர வேண்டும் என்று நினைத்தேன். எங்கள் கோளாறு வேலையில் இல்லை. வேலையோடு வீட்டையும் விலாசத்தையும் சேர்த்துக் கட்டியதில் இருக்கிறது. தபால் தோட்டத்துக் கந்தோருக்கு வந்து, கந்தோரிலிருந்து லயத்துக்கு வருவதற்குள் நேர்முகத் தேர்வுத் திகதி கடந்துபோன கதை எத்தனை வீட்டில் இருக்கிறது! பிரதேச சபைச் சட்டம் 2018இல் திருத்தப்படும் வரை, சபையின் பணத்தில் தோட்டத்துக்குள் ஒரு பாதை போடவே சட்டம் இடம் கொடுக்கவில்லை. இதையெல்லாம் காப்பாற்றுவதற்காக இளைஞர்கள் மலையிலேயே நிற்க வேண்டுமா? முதலில் வேலையையும் வீட்டையும் பிரித்துப் போடுங்கள். குடும்பத்தில் யார் என்ன வேலை செய்தாலும் வீடும் காணியும் அவர்களுக்கே என்று உறுதி எழுதிக் கொடுக்கச் சொல்லுங்கள். அதன் பிறகு பறிக்க விரும்புகிறவர் பறிக்கட்டும்.

லிந்துலை ஆசிரியர்:

உறுதியை யார் தருவார்கள்? நிலம் அரசுடையது, குத்தகை கம்பனியுடையது. ஏழு பேர்ச்சஸ் காணி என்று கொடுக்கப்பட்ட வீடுகளில்கூட உறுதிக்காகக் காத்திருப்பவர்கள் என் வகுப்பில் படிக்கும் பிள்ளைகளின் பெற்றோர்களில் பலர்.

ஹாலி-எலப் பெண்:

வத்தளை அண்ணா, பிரித்துப் போடுங்கள் என்று எழுதுவது எளிது. எங்கள் வீட்டில் அண்ணன் கொழும்பில் ஒரு புடவைக் கடையில் இருக்கிறார், தம்பி சவூதியில், நான் பாடசாலையில். என் தாயார் இந்த வயதிலும் மலை ஏறுவது கைக்காசுக்காக மட்டுமல்ல. வீட்டில் ஓர் ஆளாவது தோட்டத்துக்கு வேலை செய்யாவிட்டால் லயத்து அறையான காம்பராவைத் திருப்பிக் கேட்பார்கள் என்ற பயம் அவருக்கு உண்டு. எங்கள் லயத்தில் பலருக்கும் உண்டு. போனவர்கள் போக முடிந்தது, நின்றவர் ஒருவர் இருந்ததால்தான். நீங்கள் கொழும்புக்குப் போய் எத்தனை வருடமானாலும் சரி, உங்கள் வாக்கு எந்த விலாசத்தில் இருக்கிறது?

வத்தளைவாசி:

பொகவந்தலாவையில், என் தாயாரின் காம்பராவில். வத்தளையில் வாடகை வீட்டுக்காரர் எங்கள் பெயரை வாக்காளர் பட்டியலில் பதிய விடவில்லை. தேர்தலுக்குத் தேர்தல் ஹட்டன் பஸ்ஸில் நின்றுகொண்டு வருகிறேன், என்னோடு பஸ் நிறைய ஆட்கள் வருகிறார்கள். ஆனால் இதை வைத்து நான் மலையில் நின்றிருக்க வேண்டும் என்று நீங்கள் சொன்னால் ஏற்க மாட்டேன். உங்கள் தாயார் ஏறுவதை நிறுத்தினாலும் காம்பரா அவருடையதாகவே இருக்க வேண்டும் என்பதுதான் என் கட்சி. மஸ்கெலியா நண்பர் சொல்லும் பலம் இன்னும் மிஞ்சியிருந்தால், அடுத்த சம்பளப் பேச்சுவார்த்தையில் 50 ரூபாவுக்காக மேசையில் தட்டுவதற்கு முன், அந்த ஒரு கோரிக்கையை எந்தச் சங்கமாவது எழுத்தில் வைக்குமா என்று அவரே கேட்டுப் பார்த்து இங்கே எழுதட்டும்.