மலாயாவில் ஜப்பான்காரன் தோற்ற பிறகு என்ன பயம்?

உப்புவெளிப் பேரன்:
போன கிழமை வெள்ளையடிக்கும்போது அம்மப்பாவின் ட்ரங்குப் பெட்டியைத் திறந்தோம். வாழைமரம் போட்ட 10 டொலர்த் தாள், இறப்பர் வளையம் உருகி ஒட்டியபடி ஒரு கட்டு. வரிசை எண்ணே இல்லை, எம் என்று தொடங்கும் இரண்டு எழுத்து மட்டும். அவர் ஈப்போவில் ரயில்வே கிளாக்கராக இருந்து 1946இல் திருகோணமலைக்குத் திரும்பியவர். பெரியம்மாவுக்கு அப்போது ஒன்பது வயது. ஜப்பான்காரன் இருந்த காலத்தைவிட அவன் தோற்ற பிறகுதான் வீட்டில் பயந்தார்கள் என்கிறார். சண்டை முடிந்த பிறகு என்ன பயம்? தாளுக்கு விலை உண்டா என்றும் சொல்லுங்கள், மாமா கனவு காணத் தொடங்கிவிட்டார்.

கொட்டியாரத்தான்:
மாமாவைத் தேற்றுங்கள் தம்பி, அது ஜப்பான்காரன் அடித்த தாள், வெள்ளைக்காரன் திரும்பி வந்ததும் செல்லாது என்றுவிட்டான், சேர்த்து வைத்தவன் எல்லாம் வெறுங்கை. நம்ம ஊரில் 1942 ஏப்ரல் 9 குண்டுவீச்சு ஒரு காலையோடு போனது, அங்கே ஜப்பான்காரன் ஆட்சி மூன்றரை வருடம். ஜப்பான் பணிந்தது 1945 ஆகஸ்ட் 15, பிரிட்டிஷ் படை பினாங்கில் இறங்கியது செப்டம்பர் 3, மொறிப் கடற்கரையில் 9. இடையில் கேட்பாரில்லை. காட்டிலிருந்த ஜப்பான் எதிர்ப்புப் படை, தொப்பியில் மூன்று நட்சத்திரம் குத்தியவர்கள், சிறு பட்டணங்களைப் பிடித்து, ஜப்பானுக்கு உழைத்தவன் யார், உளவு சொன்னவன் யார் என்று தேடினார்கள். பழைய பகையைத் தீர்த்துக்கொண்டவர்களும் உண்டு. ஜொகூர்ப் பக்கம் அது மலாய்க்காரர், சீனர் வெட்டுக்குத்தாகவே போனது. உங்கள் அம்மப்பா யாரிடம் சம்பளம் வாங்கினார்? அப்புறம் பயம் வராமல்?

கிள்ளான் மருமகள்:
சரி அண்ணை, எல்லாவற்றையும் காட்டுக்காரர் தலையில் போடாதீர்கள். 1946 மார்ச் முடியும் வரை பிரிட்டிஷ் ராணுவ நிர்வாகம்தான், அரிசிக்குத் தட்டுப்பாடு, லஞ்சம் தலைவிரித்து ஆடியது, அதன் ஆங்கிலச் சுருக்கமான பி.எம்.ஏ. என்பதைப் பிளாக் மார்க்கெட் நிர்வாகம் என்றே சனம் கேலி செய்தது. 1945 டிசம்பரில் துப்பாக்கியை ஒப்படைத்த காட்டுக் கெரில்லாவுக்கு ஆளுக்கு 350 டொலர் கொடுத்தார்கள். ஜப்பான்காரன் போட்ட சயாம் ரயில் பாதை வேலைக்குத் தோட்டத்திலிருந்து போன என் பாட்டியின் அண்ணனுக்காக எங்கள் வீட்டுக்கு ஒரு கடிதம்கூட வரவில்லை. லாரிச் சத்தம் கேட்டால் பாட்டி சாலைக்கு ஓடுவாராம், இறப்பர்ப் பால் வெட்டுகிற கத்தியோடு.

உப்புவெளிப் பேரன்:
நன்றி இருவருக்கும். மூன்று நட்சத்திரம் என்று சொன்னதுமே பெரியம்மா எழுந்து உட்கார்ந்துவிட்டார். அம்மப்பாவிடம் ஜப்பான் எழுத்துப் போட்ட கைப்பட்டி ஒன்று இருந்ததாம், ஒரு ராத்திரி அம்மம்மா அதை அடுப்பில் போட்டிருக்கிறார். தாளையும் போடத்தான் எடுத்தாராம், மூன்று மாதச் சம்பளம் என்று அம்மப்பா பிடுங்கிக்கொண்டாராம்.