"மிஸ்டர் டேம்பரின் மேன்" இன்ட்ரோ: கிட்டாரா, கம்ப்ரஸரா?

டேப்மெஷின்:
கிட்டார் வாங்குவது பற்றிய இழையில் பன்னிருதந்தி நேற்று எழுதியது இது: "அமெரிக்க ராக் குழு பேர்ட்ஸோட மிஸ்டர் டேம்பரின் மேன் பாட்டோட இன்ட்ரோ, அந்தத் தொடக்கக் கிட்டார் வாசிப்பு வேணுமா? ரிக்கன்பேக்கர் 360/12 (12 கம்பி எலெக்ட்ரிக் கிட்டார்) வாங்கி ஆம்ப்ல (ஒலிபெருக்கி) செருகுங்க. வேற ஒண்ணும் வேணாம்."

இதை நம்பி ஒருத்தர் லட்சக்கணக்கில் செலவு செய்யப் போகிறார். அதனால்தான் தனி இழை திறக்கிறேன்.

அந்தப் பதிவில் ஆம்பே கிடையாது. 1965 ஜனவரி 20, ஹாலிவுட், கொலம்பியா ஸ்டூடியோ. குழுவின் கிட்டார் கலைஞர் மெக்கினின் கிட்டார் நேராக மிக்ஸிங் போர்டுக்குப் போனது. நடுவில் வால்வு கம்ப்ரஸர் இரண்டு, ஒன்றன்பின் ஒன்றாக: சத்தமான இடத்தை அமுக்கி ஒலியைச் சமன் செய்யும் பெட்டிகள். இன்ஜினியர் ரே கெர்ஹார்ட், சத்தமான ராக் இசை தன் சாதனங்களைக் கெடுத்துவிடும் என்று பயந்து எல்லாவற்றுக்கும் கம்ப்ரஸர் போட்டவர். இதை மெக்கினே பிற்காலத்தில் விளக்கமாகச் சொல்லியிருக்கிறார். அந்தக் கிட்டார் தனியாக வாசித்தால் மந்தமாகத்தான் கேட்கும், நாதம் நிற்காது என்பதும் அவர் சொன்னதே.

பன்னிருதந்தி:
ஆரம்பிச்சாச்சா. டேப்மெஷினுக்கு உலகத்துல எந்தப் பாட்டா இருந்தாலும் பெட்டிதான் பாடும், மனுஷன் பாட மாட்டான்.

கம்பி வரிசையைப் பத்தி ஒரு வார்த்தை எழுதினீங்களா? சாதாரண 12 கம்பி கிட்டார்ல மேலிருந்து கீழே அடிச்சா ஒவ்வொரு ஜோடியிலயும் ஒரு ஸ்தாயி மேல ஒலிக்கற மெல்லிய ஆக்டேவ் கம்பிதான் முதல்ல பிக்குல (கம்பியை மீட்டற வில்லை) படும். ரிக்கன்பேக்கர்ல தடிமனான கம்பி முதல்ல, ஆக்டேவ் அதுக்கு அப்புறம். மணி அடிச்சு அதோட ரீங்காரம் பின்னாடியே வர்ற மாதிரி கேக்குதே, அது அந்த வரிசையாலதான். இதைக் கம்ப்ரஸர் எப்படிக் கொண்டுவரும்?

டேப்மெஷின்:
வரிசை உண்மை. இந்தப் பாட்டுக்கு அது காரணம் என்பதுதான் பொய்.

மெக்கின் எப்படி வாசித்தார்? கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் பிளாட் பிக். நடுவிரலிலும் மோதிர விரலிலும் உலோக விரல் பிக். பாஞ்சோவில் போல விரல்களை மாற்றி மாற்றிப் பறிக்கும் உருட்டல். விரல்கள் கம்பியைக் கீழிருந்து மேலே பறிக்கும். அப்போது உங்கள் வரிசை தலைகீழாகிவிடுகிறதே, ஆக்டேவ்தானே முதலில் படும்? அதோடு, 12 கம்பியில் இ, ஏ, டி, ஜி நான்கு ஜோடிக்குத்தான் ஆக்டேவ் உண்டு. விரல்கள் அதிகம் பறிக்கும் பி, மேல் இ இரண்டும் ஒரே சுருதி ஜோடிகள். அங்கே எது முதலில் பட்டால் என்ன?

பன்னிருதந்தி:
பிளாட் பிக்கை நீங்களே எழுதிட்டு நீங்களே மறந்துட்டீங்க. டி, ஜி ஜோடிகளைக் கீழ்நோக்கி அடிக்கறது அந்தப் பிக்தான். இன்ட்ரோவோட முதுகெலும்பே அந்த ரெண்டு ஜோடிதான். வரிசைதான் சார் காரணம். வரிசை.

நாகைபேஸ்:
ரெண்டு பேரும் கிட்டாரையே கட்டிக்கிட்டு அழறீங்க. அந்த இன்ட்ரோவுல வழுக்கிக்கிட்டு இறங்குற பேஸ் கிட்டாரை எடுத்துட்டுக் கேட்டுப் பாருங்க, பாதி மயக்கம் போயிடும். அதை வாசிச்சது லேரி நெக்டல், பேர்ட்ஸ் ஆள் கிடையாது. டிரம்ஸ் ஹால் பிளேன். ரிதம் கிட்டார் ஜெரி கோல். எலெக்ட்ரிக் பியானோ லியான் ரஸ்ஸல், அது காதுல விழறதே கஷ்டம். பேர்ட்ஸ்ல கருவி எடுத்தவர் மெக்கின் ஒருத்தர்தான். ஜீன் கிளார்க்கும் கிராஸ்பியும் குரல் மட்டும். குழுவோட பேஸ் வாசிக்கற ஹில்மனும் டிரம்மர் மைக்கேல் கிளார்க்கும் இந்தப் பதிவுலயே இல்ல.

மாலதி_எல்பி:
அதனால என்ன? பாட்டு பேர்ட்ஸ் பாட்டு இல்லன்னு ஆயிடுமா? அடுத்து வந்த ஆல்பத்துல அவங்களேதான் வாசிச்சாங்க.

நாகைபேஸ்:
வாசிச்சாங்க. கூலிக்கு வந்தவங்க மூணு மணி நேரத்துல ரெண்டு பாட்டு முடிச்சாங்க. டர்ன் டர்ன் டர்ன் பாட்டுக்கு இவங்களுக்கு 77 டேக் ஆச்சு, அதாவது 77 தடவை வாசிச்சுப் பதிவு பண்ணாங்க. மெக்கின் தன் வாயால சொன்ன கணக்கு.

மாலதி_எல்பி:
டேக் எண்ணிக்கையை வெச்சுப் பாட்டை அளக்கறவங்களோட எனக்குப் பேச்சு இல்ல.

டேப்மெஷின்:
பேஸ் பற்றித் தனி இழை திறந்துகொள்ளுங்கள். இங்கே கம்ப்ரஸர்.

செய்முறையாகவே எழுதுகிறேன், யாராவது செய்து பார்க்கட்டும். அந்த இரண்டு பெட்டியும் டெலிட்ரானிக்ஸ் எல்ஏ-2ஏ வகை என்றுதான் பொதுவாகச் சொல்வார்கள். அதில் முக்கியமான குமிழ் இரண்டே: எவ்வளவு அமுக்குவது, அமுக்கியதை எவ்வளவு ஏற்றுவது. உள்ளே ஒளியால் வேலை செய்யும் செல். பிடிக்க ஏறக்குறைய 10 மில்லிவிநாடி எடுக்கும். அந்த இடைவெளியில் பிக் கம்பியில் படும் 'டிக்' அமுங்காமல் தப்பிவிடும். பிறகு விடும்போது பாதியைச் சட்டென்று விட்டு, மீதியை 1 முதல் 15 விநாடி வரை மெல்ல மெல்ல விடும். கம்பியின் ஒலி தேயத் தேயப் பெட்டி அதை மேலே தூக்கிக்கொண்டே இருக்கும். மூன்று நான்கு விநாடி ஒரு சுரம் நிற்பது இதனால்தான்.

ஒரே பெட்டியில் 10 டெசிபல் அமுக்கினால் சுரத்தின் தொடக்க முனை செத்துவிடும். முதல் பெட்டியில் 3 அல்லது 4, இரண்டாவதில் 5 அல்லது 6 என்று பிரித்துக்கொள்ளுங்கள். அமுக்கிய அளவுக்குத் திரும்ப ஏற்றும்போது இரைச்சலும் அதே அளவு ஏறும். ஒயரில் ஹம் இருந்தால் அதைத் தீர்த்துவிட்டு அப்புறம் இந்த வேலைக்கு வாருங்கள்.

இதில் எந்த வரியில் கம்பி வரிசை வருகிறது?

பன்னிருதந்தி:
எந்த வரியிலயும் வராது, ஏன்னா நீங்க எழுதினது கம்ப்ரஸர் கையேடு. சாதாரண வரிசை போட்ட 12 கம்பியை அதே ரெண்டு பெட்டியில விடுங்க. ஆக்டேவ் முன்னாடி விழுந்து தகரத்தைத் தட்டின மாதிரி இருக்கும். வரிசைதான் வித்தியாசம்.

ஸ்ருதிபெட்டி:
இருவரும் தொடாத ஒன்றைச் சொல்கிறேன். அந்தக் காலத்து 360/12-இல் கம்பி 12, பிரிட்ஜ் சாடில் (கம்பி உட்காரும் தாங்கி) 6 மட்டுமே. ஒரு ஜோடிக்கு ஒரு சாடில். தடித்த கம்பிக்குச் சற்றுக் கூடுதல் நீளம் தேவை, மெல்லிய ஆக்டேவுக்குக் குறைவு. இரண்டையும் ஒரே இடத்தில் நிறுத்தினால், 12-ஆம் ஃப்ரெட்டில் (கழுத்திலுள்ள மெட்டு) ஒன்றின் சுருதி சரியாக இருக்கும், மற்றது விலகும். இழை இழையாக மினுங்கும் அந்த ஒலிக்கு இந்தச் சின்ன விலகலும் காரணம். ஜி ஜோடியைக் கவனமாக வையுங்கள். அதன் ஆக்டேவ் கம்பிதான் கிட்டாரிலேயே உயர்ந்த சுருதி, மேல் இ-யைவிட மேலே. ட்யூன் செய்யும்போது முதலில் அறுவது அதுதான். புதுக் கம்பி போட்டால் முதலில் கீழே ட்யூன் செய்து, இழுத்துவிட்டு, பிறகு ஏற்றுங்கள்.

டேப்மெஷின்:
அருமை. அந்த விலகலில் வரும் அலை அரை விநாடியில் தேய்ந்தால் யாருக்குக் கேட்கும்? நாலு விநாடி நிற்பதால்தான் கேட்கிறது. நிறுத்துவது எது? கம்ப்ரஸர்.

பன்னிருதந்தி:
இருக்கறதைத்தானே நிறுத்த முடியும்? பீட்டில்ஸ் ஜார்ஜ் ஹாரிசன் 1964-லயே எ ஹார்ட் டேஸ் நைட் படத்துல இதே கிட்டாரை வாசிச்சாரு. அந்தப் படத்தைப் பாத்துட்டுத்தானே மெக்கின் போய் வாங்கினாரு? அங்க கெர்ஹார்டோட ரெண்டு பெட்டி இருந்துச்சா?

டேப்மெஷின்:
இல்லை. அதனால்தான் அது வேறு மாதிரிக் கேட்கிறது. என் வாதத்துக்கு நீங்களே சாட்சி சொன்னதற்கு நன்றி.

மாலதி_எல்பி:
பாட்டை எழுதினவரை யாருமே சொல்லலையே. பாப் டிலன் இதை ஜனவரி 15 அன்னிக்கு நியூயார்க்ல பதிவு பண்ணாரு, பேர்ட்ஸுக்கு ஐந்தே நாள் முன்னாடி. அவரோடது நாலு சரணம், ஐந்தரை நிமிஷம். இவங்க ஒரே ஒரு சரணத்தை வெச்சுக்கிட்டு, 2/4-ஐ 4/4 ஆக்கி, ரெண்டரை நிமிஷத்துக்குள்ள முடிச்சுட்டாங்க. ரேடியோவுக்காக மூணு சரணத்தை வெட்டி எறிஞ்சதைத்தான் நீங்க எல்லாம் கொண்டாடறீங்க. டேம்பரின் மேன் யாருன்னாவது தெரியுமா? புரூஸ் லாங்ஹார்ன். டிலனோட பதிவுல எலெக்ட்ரிக் கிட்டார் வாசிச்சவரு அவருதான்.

நாகைபேஸ்:
டேம்பரின்னா நம்ம கஞ்சிரா மாதிரிச் சின்னதுதானே, அதை வாசிச்சதுக்கா ஒரு பாட்டு?

மாலதி_எல்பி:
கஞ்சிரா அளவு இல்ல. அவர் வெச்சிருந்தது பெரிய துருக்கி டிரம், உள்பக்கம் மணி கட்டினது. வண்டிச் சக்கரம் அளவு இருந்துச்சுன்னு டிலன் சொல்லியிருக்காரு. தெரியாம எழுதாதீங்க.

நாகைபேஸ்:
கேள்விதானே கேட்டேன்? உடனே வாத்தியாரம்மா ஆயிடுவீங்களே. சரணத்தை வெட்டாம இருந்திருந்தா பாட்டு அமெரிக்காவுலயும் பிரிட்டன்லயும் முதலிடத்துக்குப் போயிருக்குமா? 'ஃபோக் ராக்'னு பேரே 1965 ஜூன்ல பில்போர்டு பத்திரிகை இந்த அலையைப் பாத்துத்தான் எழுதுச்சு.

ஸ்ருதிபெட்டி:
ஆனால் அனிமல்ஸ் குழு ஒரு பழைய நாட்டுப்பாடலை 1964-லேயே முதலிடத்துக்குக் கொண்டு போய்விட்டது. ஹவுஸ் ஆஃப் த ரைசிங் சன்.

நாகைபேஸ்:
அது ஃபோக் ராக் கிடையாது, புளூஸ்.

ஸ்ருதிபெட்டி:
ஏன் கிடையாது?

நாகைபேஸ்:
கிடையாதுன்னா கிடையாது.

டேப்மெஷின்:
மீண்டும் திசைமாறுகிறது. இந்தப் பாட்டு விட்டுப்போனது எது? பாடகர் டாம் பெட்டியும் ஆர்.இ.எம். ராக் குழுவும் எதன் வழியே வந்தார்கள்? அந்தக் கிணுகிணுப்பு வழியே. சுரம் நடுங்காமல், தேயாமல், ஊதுகருவி போல நிற்பது. மெக்கினே ஊதுகருவியோடு ஒப்பிட்டிருக்கிறார். பின்னாளில் ரிக்கன்பேக்கர் நிறுவனம் மெக்கின் பெயரில் ஒரு 12 கம்பி மாடல் செய்தபோது, கிட்டாருக்குள்ளேயே கம்ப்ரஸரை வைத்துக் கொடுத்தது. கிட்டார் மட்டும் போதும் என்றால், அதைச் செய்த கம்பெனி ஏன் உள்ளே கம்ப்ரஸர் வைக்க வேண்டும்? பன்னிருதந்தி பதில் சொல்லட்டும்.

பன்னிருதந்தி:
கம்ப்ரஸரை எதுக்குள்ள வெச்சாங்க? ரிக்கன்பேக்கருக்குள்ள. தடிமன் கம்பி முதல்ல, ஆக்டேவ் அப்புறம். அந்த மாடல்லயும் வரிசையை மாத்தலையே?

டேப்மெஷின்:
ஆம்பில் செருகினால் போதும் என்று நேற்று எழுதியது நீங்களா இல்லையா?

பன்னிருதந்தி:
ஆம்பைப் பத்தி இப்ப யாரு பேசறா? வரிசையைப் பத்திச் சொல்லுங்க. ஆமா, 1965-ல அவர் பேரு ஜிம் மெக்கின். இங்க சிலர் பழைய பதிவுகள்ல ரோஜர் மெக்கின்னு எழுதியிருக்கீங்க, ரோஜர் ஆனது 1967-ல. வருஷமே சரியா வெச்சுக்கத் தெரியாதவங்க டெசிபல் கணக்கு சொல்றாங்க.

டேப்மெஷின்:
இந்த இழையில் நான் மெக்கின் என்று மட்டும்தான் எழுதியிருக்கிறேன். மேலே போய்ப் பாருங்கள். அப்படியே 3, 4 டெசிபல் பத்தியையும் ஒருமுறை படியுங்கள். எந்தக் கிட்டாரில் வேண்டுமானாலும் வாசித்து, பெட்டி இல்லாமல் ஒன்று, பெட்டியோடு ஒன்று, இரண்டு பதிவு இங்கே போடுங்கள்.

பன்னிருதந்தி:
போடறேன். நீங்க சாதாரண வரிசை 12 கம்பியில வாசிச்சுப் போடுங்க முதல்ல.