கதிர்காமப் பாதயாத்திரையைப் படம் பிடித்தவர்களோடு நடந்த அனுபவம்

கதிர்காமப் பாதயாத்திரையைப் பற்றிய ஆவணக் குறும்படம் ஒன்றுக்கு ஒலிப்பதிவு உதவியாளனாக, இலங்கையின் கிழக்குக் கரையிலுள்ள உகந்தைமலை முருகன் கோயிலிலிருந்து காட்டுப்பாதை வழியாக, முருகன் தலமான கதிர்காமம் வரை நடக்கும் பேறு எனக்குக் கிடைத்தது. ஆடி உற்சவத்தையொட்டிச் சில நாட்கள் மட்டுமே திறக்கப்படும் அந்தப் பாதை குமுக்கன் ஆற்றைக் கடந்து, யால வனத்தினூடே நாவலடி, வியாழை, கட்டகாமம் எனத் தங்குமிடம் தங்குமிடமாகச் செல்கிறது.

அங்கே முதற்கவலை யானையன்று, தண்ணீர்தான். தாங்கிகளில் நீர் நிரப்பி வைக்கப்படும் இடங்களுக்கு இடையிலுள்ள வெயில்வழியில், கையிலிருக்கும் போத்தலே துணை. மணலில் கையால் ஊற்றுத் தோண்டிக்கொண்டிருந்த மட்டக்களப்பு அம்மா ஒருவர், கலங்கல் தெளியும்வரை காத்திருந்து, வேட்டித் துணியால் வடித்த முதற்குவளையை என்னிடம் நீட்டி, "முதல்ல நீங்க குடியுங்க சாமி, மிசினத் தூக்கிட்டு வாறீங்க" என்றார். யாத்திரையில் சிறுவர் முதல் முதியவர் வரை எல்லோரும் சாமிதான். அந்தக் குரலோடு, மணலில் நீர் ஊறும் மெல்லிய ஓசையும் பதிவாகியிருக்கிறது. படத்தில் நான் மிகவும் நேசிக்கும் பகுதி அதுவே.

காவடியும் தீமிதிப்பும் கண்ணைப் பறிக்கும் காட்சிகள் என்பதால் படத்தொகுப்பில் அவற்றுக்கே நிறைய நேரம் ஒதுக்கப் படக்குழுவினர் எண்ணியிருந்தார்கள். ஆனால் கதிர்காமத்தில் மூலத்தானம் திரைக்குப் பின்னால் இருக்கிறது. பூசை செய்யும் கப்புராளைமார் வாயை வெண்துணியால் கட்டிக்கொள்கிறார்கள். யானைமேல் வீதிவலம் வருவதும் பேழைக்குள் மறைந்த யந்திரமே, அதாவது முருகனைக் குறிக்கும் மந்திரச் சக்கரமே. கண்ணுக்குக் காட்டாமலே வழிபடும் தலத்தைக் கமராவால் என்ன செய்ய முடியும்? நடையையும், நடப்பவர்களுக்கு ஊர்கள் தரும் அன்னத்தையும் தாகசாந்தியையும் காட்டுவதே இதற்கு நேர்மையான வழி என்று வாதிட்டேன். இயக்குநர் பெருமளவு ஏற்றுக்கொண்டார்.

எனினும் எனக்கு ஒரு குறை உண்டு. இந்த யாத்திரையின் நெடுவழி யாழ்ப்பாணத்தின் தொண்டைமானாற்றுச் செல்வச்சந்நிதி முருகன் கோயிலில் வேலோடு தொடங்கி, வற்றாப்பளை, வெருகல், மண்டூர், திருக்கோவில் என்று கிழக்குக் கரையோரமாக இறங்குவது. போர்க்காலத்தில் வடக்கிலிருந்து நடப்பது தடைப்பட்டு, பின்னர் மீண்ட வரலாறும் அந்தப் பகுதிக்கே உரியது. காட்டிலிருந்து படம் தொடங்குவதால் அவ்வளவும் இரண்டே வரிகளில் கடந்துபோகிறது. சந்நிதியிலிருந்து வேலின் பின்னால் நடந்தவர்கள், குறிப்பாக முல்லைத்தீவுக்கும் வெருகலுக்கும் இடையில் எங்கே தங்கினீர்கள், யார் அமுது படைத்தார்கள் என்பதை இங்கே விரிவாக எழுதுங்கள்.