குவாண்டிஃபையருக்கு ஒரு சொல்: அளவையடையா, அளவியா?

நண்பர்களுக்கு,

லாஜிக்கில் "எல்லாம்", "குறைந்தது ஒன்றாவது" என்று ஒரு கூற்று எவ்வளவுக்குப் பொருந்தும் எனக் காட்டும் குறிதான் குவாண்டிஃபையர். அதற்குத் தமிழில் என்ன சொல் என்ற நம் மடல் விவாதத்தில் இதுவரை மூன்று சொற்கள் வந்திருக்கின்றன: அளவையடை, அளவாக்கி, தொகைச்சொல். அதற்குள் "அப்படியே குவாண்டிஃபையர் என்றே எழுதிவிட்டுப் போகலாமே" என்ற குரலும் கேட்டுவிட்டது. எழுதலாம்தான். ஆனால் "யுனிவர்சல் குவாண்டிஃபையரின் ஸ்கோப்புக்குள் எக்ஸிஸ்டென்ஷியல் குவாண்டிஃபையர் வந்தால்" என்று ஒரு வரி எழுதிப் பாருங்கள். தமிழ் என்று அதில் மிஞ்சுவது வேற்றுமை உருபும் "வந்தால்" என்பதும் மட்டும்தான். ஆகவே அந்த யோசனையை ஓரமாக வைத்துவிட்டு மற்ற மூன்றையும் பார்க்கிறேன்.

அளவையடையை முன்வைத்த ஐயா மன்னிக்க வேண்டும், எனக்கு அதில் இரண்டு தடை இருக்கின்றன. முதலாவது, அளவை என்ற சொல் நம் துறையில் ஏற்கெனவே வேலையில் இருக்கிறது. மணிமேகலையில் அளவைவாதி வந்து வியாதன் பத்து, கிருதகோடி எட்டு, சைமினி ஆறு என்று கணக்குச் சொல்வது அறிவு பெறும் வழிகளான பிரமாணங்களைத்தான். சிவஞான சித்தியாரும் காண்டல், கருதல், உரை என்று தொடங்கி எண்ணுவது அதே அளவைகளைத்தான். அதனால்தான் லாஜிக்கே அளவையியல் ஆனது. இந்த நிலையில் "அளவையியலில் அளவையடை" என்று படிக்கும் மாணவர் அதைப் பிரமாணத்துக்கு வரும் அடைமொழி என்று எடுத்துக்கொண்டால் தவறு அவர்மீது இல்லை. போதாததற்கு, நன்னூல் உம்மையின் எட்டுப் பொருள்களை அடுக்கும் இடத்தில் எண்ணும்மையை "அளவை" என்கிறது. பாவம், ஒரு சொல் எத்தனை சுமையைத்தான் தாங்கும்?

இரண்டாவது தடை "அடை" என்பதில். இதுதான் எனக்குப் பெரிய தடை. "எல்லாக் காகமும் கருப்பு" என்ற வாக்கியத்தில் "எல்லா" என்பது காகத்துக்கு முன்னால் அடைபோலத்தான் நிற்கிறது. "கிழக் காகம்", "குட்டிக் காகம்", "எல்லாக் காகம்" என்று ஒரே வரிசையில் வைத்துவிடத் தோன்றும். அந்தத் தோற்றம் ஏமாற்றுகிறது என்று காட்டியதுதான் ஜெர்மானிய அளவையியலாளர் ஃப்ரெகே 1879இல் செய்த வேலை. எழுவாய், பயனிலை என்று வாக்கியத்தைப் பிரிக்கும் பழைய முறையை விட்டுவிட்டு, கணிதத்திலிருந்து சார்பையும் (ஃபங்ஷன்) மாறியையும் (வேரியபிள்) எடுத்துக்கொண்டார். அவர் கணக்கில் "எல்லா" என்பது காகத்தின் பண்பே அல்ல. முழு வாக்கியத்துக்கும் வெளியே நின்று, "எதை எடுத்துக்கொண்டாலும் சரி, அது காகம் என்றால் அது கருப்பு" என்று சொல்லும் ஒரு குறி அது. இதற்கு "அடை" என்று பெயர் வைத்தால் அவர் பிடுங்கிப் போட்ட களையை நாமே மறுபடி நட்டதாகிவிடும்.

அளவாக்கி அவ்வளவு மோசமில்லை. ஆனால் "ஆக்கி" என்று முடியும் சொல் எதையோ உற்பத்தி செய்யும் பொருளைப் போல ஒலிக்கிறது. தொகைச்சொல்லைப் பற்றி அதிகம் சொல்லப் போவதில்லை. வேற்றுமைத்தொகை, வினைத்தொகை என்று இலக்கணத்தில் அது பழகிய பாதை வேறு, நாம் போவது வேறு.

என் பரிந்துரை சின்னது: அளவி. கருவி போல மூன்றெழுத்து. "அளவி மாறியைக் கட்டுகிறது" என்று எழுதினால் இரண்டும் பக்கத்தில் பொருந்தி உட்காருகின்றன. ஆங்கிலச் சொல்லை 1885இல் புழக்கத்துக்குக் கொண்டுவந்த அமெரிக்க அளவையியலாளர் பேர்ஸ், லத்தீனில் "எவ்வளவு" என்று பொருள்படும் வேரிலிருந்து வந்த சொல்லையே கையாண்டார். நம்முடைய "எவ்வளவு" என்பதற்குள்ளும் அளவு இருக்கிறதே.

சரி, அளவிக்கு இரண்டு பிள்ளைகள். "எல்லாம்" என்பதற்கு ஒன்று, "குறைந்தது ஒன்றாவது" என்பதற்கு இன்னொன்று. உண்மையான சிக்கல் இங்கேதான்.

முதலாவதற்கு முற்றளவி என்கிறேன். இதை நான் எங்கிருந்தும் கண்டுபிடிக்கவில்லை. "தமிழ்நாட்டு மூவேந்தரும் வந்தார்" என்பதில் இருக்கும் "உம்" முற்றும்மை என்று உரையாசிரியர்கள் சொல்லிக்கொடுத்ததுதான். அதைவிடச் சுவையான விஷயம் அடுத்த படியில் வருகிறது. "முற்றும்மை ஒரோவழி எச்சமும் ஆகும்" என்கிறது நன்னூல்; அதாவது, எல்லாவற்றையும் தழுவும் "உம்" சில இடங்களில் மிச்சம் இருப்பதையும் காட்டும். தொல்காப்பியத்து இடையியலும் இதையே வேறு சொற்களில் சொல்கிறது. உரைகளில் வரும் உதாரணங்களைப் பாருங்கள்: "பத்தும் கொடால்", "எல்லாரும் வந்திலர்". பத்தையும் கொடுக்காதே என்றால் சிலவற்றைக் கொடு என்றும் பொருள்படும்; எல்லாரும் வந்திலர் என்றால் சிலர் வந்தனர் என்றும் பொருள்படும். இரண்டிலும் வினை எதிர்மறை என்பதைக் கவனியுங்கள்.

இது முற்றளவிக்கும் மறுப்புக்கும் இடையே எது வெளியே நிற்கிறது, எது உள்ளே நிற்கிறது என்ற கேள்வியேதான். மறுப்பு உள்ளே இருந்தால் ஒருவரும் வரவில்லை. மறுப்பு வெளியே இருந்தால் எல்லாரும் வந்துவிட்டார்கள் என்பது பொய், அவ்வளவுதான், சிலர் வந்திருக்கலாம். நான் ஒருமுறை வகுப்பில் கரும்பலகையில் "எல்லா வாதங்களும் செல்லாது" என்று எழுதிவிட்டு, இதை மறுக்க என்ன காட்ட வேண்டும் என்று கேட்டேன். ஒரு மாணவி, "செல்லும் வாதம் ஒன்றைக் காட்டினால் போதும்" என்றார். பின்வரிசையிலிருந்து ஒருவர், "அது எப்படி? செல்லாத வாதமும் இருக்கிறது என்றுதானே சொல்லியிருக்கிறீர்கள்? எல்லா வாதமும் செல்லும் என்று காட்டினால்தானே மறுப்பாகும்?" என்றார். இருவரும் சரியாகத்தான் சொன்னார்கள், என் வாக்கியம்தான் இரண்டாகப் பிளந்து நின்றது. மணி அடிக்கும்வரை சண்டை ஓயவில்லை. அன்று பாடம் தானாக நடந்தது.

வேடிக்கை என்னவென்றால், "யாரும் வரவில்லை" என்றால் இந்தக் குழப்பமே இல்லை. அதே "உம்", அதே எதிர்மறை. "எல்லார்" போய் "யார்" வந்ததும் மறுப்பு சமர்த்தாக உள்ளே போய்விடுகிறது. ஏன் என்பதற்கு மொழியியல் நண்பர்கள் யாராவது தனி மடல் போட்டால் நல்லது.

முற்றளவிக்கு எதிராக நானே ஒன்று சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் நாளைக்கு வேறொருவர் சொல்வார். "மூவேந்தரும்" என்னும்போது மூவர் இருக்கிறார்கள் என்பது முன்கூட்டியே ஒப்புக்கொண்ட செய்தி. ஃப்ரெகேக்குப் பிந்தைய அளவையியலில் அப்படியில்லை. ஒற்றைக் கொம்புக் குதிரை உலகில் ஒன்றுகூட இல்லையென்றால், "ஒற்றைக் கொம்புக் குதிரை எல்லாம் வெள்ளை" என்பது மெய். அவை எல்லாம் கருப்பு என்பதும் மெய்தான்! கேட்பவர் முகம் சுளிப்பார். இந்த இடத்தில் முற்றும்மையைவிட எ–அ இணைதான் கை கொடுக்கிறது: "எது ஒற்றைக் கொம்புக் குதிரையோ அது வெள்ளை." அப்படி ஒன்றும் இல்லையென்றால் வாக்கியம் யாரையும் தொந்தரவு செய்யாமல் சும்மா இருக்கிறது.

மாறி என்றால் என்ன என்று விளக்கவும் இந்த எ–அ இணையைவிட நல்ல கருவி எனக்குத் தெரியாது. "எப்பொருள் யார்யார்வாய்க் கேட்பினும் அப்பொருள் மெய்ப்பொருள் காண்ப தறிவு" என்ற குறளை எடுத்துக்கொள்ளுங்கள். "எப்பொருள்" ஒரு மாறியைத் திறக்கிறது, "யார்யார்" இன்னொன்றைத் திறக்கிறது, "அப்பொருள்" முதல் மாறியிடம் திரும்பி வருகிறது. எந்தப் பொருள் என்று கேட்டால் பதில் கிடையாது. எதைப் போட்டாலும் இரண்டு இடத்திலும் அதையே போட வேண்டும் என்பதுதான் நிபந்தனை. கட்டுண்ட மாறி என்பது இதுதான். வள்ளுவர் அளவையியல் நடத்தினார் என்று யாரும் கிளம்பிவிட வேண்டாம், மொழியில் அந்த எலும்பு இருக்கிறது என்று மட்டும் சொல்கிறேன்.

ஆக, முற்றளவி என்ற பெயரை வைத்துக்கொள்வோம். விளக்கம் எழுதும்போது எ–அ வடிவத்தைக் காட்டுவோம்.

இரண்டாவது பிள்ளைக்கு வருகிறேன். முற்றுக்கு இணை எச்சம்தானே, எச்ச அளவி என்று வைத்தால் என்ன என்று ஒரு அம்மா கேட்டிருந்தார். பார்க்க அழகான ஜோடிதான். ஆனால் எச்சம் என்றாலே மிச்சம் ஒன்று இருக்கிறது. சிலர் தேறினர் என்றால் சிலர் தேறவில்லை என்று காதில் விழுகிறது. அளவையியலுக்கு அந்த மிச்சம் வேண்டாம். குறைந்தது ஒருவர் தேறினால் போதும், எல்லாரும் தேறியிருந்தாலும் வாக்கியம் மெய்தான். "சில அளவி" என்பதற்கும் இதே கதிதான், அதில் பன்மையும் சேர்ந்துகொள்கிறது.

யாரோ, எதுவோ, எங்கோ என்பதை வைத்து "ஓகார அளவி" எனலாமா என்று நானே கொஞ்ச நாள் யோசித்தேன். "யாரோ கதவைத் தட்டினார்" என்பதில் குறைந்தது ஒருவர் தட்டினார் என்ற செய்தி இருக்கிறது. கூடவே "யாரென்று எனக்குத் தெரியாது" என்பதும் ஒட்டிக்கொண்டு வருகிறது. அளவிக்கு அந்த அறியாமை கிடையாது, யாரென்று நன்றாகத் தெரிந்தே அதை எழுதலாம். அப்புறம், மேலே பார்த்த "எது குதிரையோ அது" என்பதிலும் வினாச்சொல்லோடு அதே "ஓ" வருகிறது, அங்கே அது முற்றளவியின் வேலையைச் செய்கிறது. இரண்டு பக்கமும் ஆடும் ஆள் நமக்கு ஆகாது.

எனவே உண்டளவி.

"உண்டு" என்ற சொல்லை ஒரு நிமிடம் கையில் எடுத்துப் பாருங்கள். "வேறு இல்லை உண்டு ஐம்பால் மூவிடத்தன" என்கிறது நன்னூல். அவன் உண்டு, அவள் உண்டு, அவர் உண்டு, அது உண்டு, அவை உண்டு. ஆண்பால் இல்லை, பெண்பால் இல்லை, ஒருமை பன்மை கவலை இல்லை. "வெள்ளைக் காகம் உண்டா?" என்று கேட்டால், ஒன்று இருந்தாலும் ஆயிரம் இருந்தாலும் பதில் "உண்டு" என்பதுதான். நமக்கு வேண்டிய "குறைந்தது ஒன்று" அப்படியே கிடைக்கிறது. எதிர்ப்பக்கத்தில் "இல்லை" என்று தயாராக ஒரு சொல்லும் காத்திருக்கிறது.

இன்னொன்றையும் கவனியுங்கள். அந்தக் கேள்வி எந்தத் தனிக் காகத்தையும் பற்றியது அல்ல. ஒரு காகத்தைப் பிடித்து வைத்துக்கொண்டு, "இது கருப்பு, இதற்கு இரண்டு கால், இது உண்டு" என்று பட்டியல் போட்டால் கடைசி உருப்படி உறுத்துகிறது. வெள்ளைக் காகம் என்ற கருத்துக்குள் எதுவாவது விழுகிறதா என்பதுதான் கேள்வி. ஃப்ரெகே 1884இல் எண்களின் அடிப்படை பற்றி எழுதிய நூலில் இதைச் சொல்லிவிட்டு ஒரு படி மேலேயும் போகிறார்: ஒன்று உண்டு என்பது, அதன் எண்ணிக்கை சுழி என்பதை மறுப்பதுதான், வேறொன்றும் இல்லை. "உண்டு என்பதில் அளவு எங்கே இருக்கிறது, அதை எப்படி அளவி என்பது?" என்று கேட்டவருக்கு என் பதில் இதுதான்.

"இருப்பளவி" என்று ஏன் வைக்கக்கூடாது என்றால், வைக்கலாம். ஆனால் எனக்கு "இருப்பு" என்றதும் கையிருப்பு நினைவுக்கு வருகிறது. "உண்மை அளவி"யும் ஒரு காலத்தில் பொருந்தியிருக்கும், உண்மை என்பதன் பழைய பொருள் உள்ளதாம் தன்மைதானே. இன்றைக்கு உண்மை அட்டவணை (ட்ரூத் டேபிள்) பக்கத்திலேயே இருக்கும்போது அதைத் தொடுவது வம்பு.

உண்டளவி என்றால் "சாப்பிட்டுவிட்டு அளந்து" என்றும் பிரிக்கலாமே என்று வீட்டில் ஒருவர் கேட்டார். பிரிக்கலாம். சாப்பாட்டுக்குப் பிறகு அளவையியல் படிப்பவர்களை அது குழப்பாது என்று நம்புகிறேன்.

குறிகளைப் பற்றி ஒரு வார்த்தை. தலைகீழாக நிற்கும் ஏ என்ற எழுத்தை முற்றளவிக்கு 1935இல் கொண்டுவந்தவர் ஜெர்மானிய அளவையியலாளர் கென்ட்சன். உண்டளவிக்கான திருப்பிப் போட்ட ஈ இத்தாலியக் கணிதர் பெயானோவிடமிருந்து வந்தது. ஃப்ரெகேயிடம் இரண்டாவதற்குத் தனிக் குறியே கிடையாது, "எல்லாம் அப்படி இல்லாமல் இல்லை" என்று இரண்டு மறுப்பைப் போட்டுச் சமாளித்தார். நாம் குறிகளைத் தமிழாக்க வேண்டாம், பெயர்கள் போதும்.

கடைசியாக ஒரு சோதனை. "எந்த எண்ணை எடுத்தாலும் அதைவிடப் பெரிய எண் ஒன்று உண்டு" என்பது மெய். "எந்த எண்ணையும்விடப் பெரிய எண் ஒன்று உண்டு" என்பதை, எல்லாவற்றையும் மிஞ்சிய ஒரே ஓர் எண் இருப்பதாகப் படித்தால் பொய். வித்தியாசத்தை என் சொற்களில் இப்படி எழுதுவேன்: "முதலாவதில் உண்டளவி முற்றளவியின் ஆட்சிக்குள் இருக்கிறது, இரண்டாவதில் முற்றளவி உண்டளவியின் ஆட்சிக்குள் இருக்கிறது." அளவையடை, அளவாக்கி ஆகியவற்றை வைத்து இதே வரியை எழுதிப் பார்த்து யாராவது அனுப்புங்கள், ஒப்பிடலாம்.

ஸ்கோப்புக்கு, அதாவது ஓர் அளவி வாக்கியத்தில் எதுவரை செல்லும் என்ற எல்லைக்கு, "ஆட்சி" என்று மேலே எழுதியது இப்போதைக்குத்தான். பலர் சொல்லும் "வீச்சு" புள்ளியியலில் ரேஞ்சுக்குப் போய்விட்டதால் அதைத் தவிர்த்தேன். "ஆட்சி" கொஞ்சம் அரசாங்க வாடை அடிக்கிறது, தெரியும். அளவியைப் போடும் செயலான குவாண்டிஃபிகேஷனுக்கு "அளவியிடல்" என்று முதலில் எழுதிப் பார்த்தேன். வேகமாகப் படித்தால் "அளவிடல்" என்றே கண்ணில் படுகிறது, அடித்துவிட்டேன். "அளவி சேர்த்தல்" என்று இப்போதைக்கு வைத்திருக்கிறேன். இந்த இரண்டுக்கும் நல்ல சொல் யாரிடமாவது இருந்தால் எழுதுங்கள். ஆங்கிலேய மெய்யியலாளர் ரஸலின் 1905ஆம் ஆண்டுக் கட்டுரையில் வரும் பிரான்ஸ் நாட்டு வழுக்கை அரசரை, ஆங்கிலத்தின் "தி" (the) இல்லாத தமிழில் எப்படிச் சொல்வது என்பது தனி இழைக்கான சங்கதி. அதை இதோடு சேர்க்க வேண்டாம்.