ரெட்கானுக்கு ‘முன்கதை மாற்றம்’ என்று வைக்கலாமா?

நண்பர்களுக்கு வணக்கம்.

ரெட்கான் (retroactive continuity என்பதன் சுருக்கம்; தொடர்கதையில் ஏற்கெனவே சொன்னதைப் பிற்பாடு வேறாக்குவது) என்ற சொல்லுக்குத் தமிழில் என்ன வைக்கலாம் என்று இந்த இழையில் மூன்று பரிந்துரைகள் வந்துள்ளன: ‘பின்னோக்குத் தொடர்ச்சி’, ‘மறுவாசிப்பு’, ‘முன்கதைத் திருத்தம்’. மூன்றாவதுதான் எனக்கும் பிடித்தது. ஆனால் அதில் பாதியை மாற்ற வேண்டும். கிரேக்கத் தொன்மத்தை எடுத்தாளும் காமிக்ஸ்களையும் கேம்களையும் வைத்தே இதைச் சோதித்துப் பார்த்தேன். ஒரே தெய்வத்தின் கதையைப் பலரும் பலவிதமாகச் சொல்லும் இடம் என்பதால், எந்தச் சொல் எங்கே இடறும் என்பது அங்கே சீக்கிரம் தெரிந்துவிடும்.

முதலில் அமெரிக்கக் காமிக்ஸ் நாயகி வொண்டர் வுமன். 1942இல் வந்த கதைப்படி அமேசான்கள் என்னும் வீரப் பெண்களின் அரசி களிமண்ணில் ஒரு குழந்தையைச் செய்கிறாள், காதல் தெய்வம் அஃப்ரோடைட்டி அதற்கு உயிர் தருகிறாள். அந்தக் குழந்தைதான் டயானா, அதாவது வொண்டர் வுமன். அவளுக்குத் தகப்பன் என்று யாருமே இல்லை. ஆண்களே இல்லாத தீவில், பெண்களின் விருப்பத்தால் மட்டுமே பிறந்தவள் என்பதுதான் அந்தப் பாத்திரத்தின் உயிர்நாடி. 1987இல் ஜார்ஜ் பெரஸ் எல்லாவற்றையும் முதலிலிருந்து தொடங்கினார், ஆனாலும் களிமண்ணைக் கைவிடவில்லை. 2011இல் தொடங்கிய வரிசையில் பிரையன் அசரெல்லோவும் கிளிஃப் சியாங்கும் அதை மாற்றினார்கள். களிமண் கதை, தெய்வங்களின் அரசன் ஜீயஸின் மனைவி ஹீராவின் கோபத்திலிருந்து மகளைக் காக்கத் தாய் சொன்ன பொய்யாம். டயானா உண்மையில் ஜீயஸின் மகளாம். 2017இல் வந்த திரைப்படமும் ஜீயஸையே தந்தையாக்கிவிட்டது. ஜீயஸுக்குக் கிரேக்கர்கள் கொடுத்த பிள்ளைகள் போதாதா என்று எனக்கு இன்றும் ஆற்றாமைதான்.

இங்கேதான் ‘திருத்தம்’ இடறுகிறது. தவறு இருந்தால்தான் திருத்துவோம். களிமண் பிறப்பில் என்ன தவறு இருந்தது? மாற்றியது நல்லதா கெட்டதா என்று வாசகர்கள் வாதாடட்டும், கலைச்சொல் அந்த வழக்கில் முன்கூட்டியே தீர்ப்பு எழுதக் கூடாது. அதனால் ‘முன்கதை மாற்றம்’ என்கிறேன்.

‘முன்கதை’ வேண்டவே வேண்டும். வாரப் பத்திரிகைத் தொடர்கதைகளில் ‘முன்கதைச் சுருக்கம்’ படித்து வளர்ந்தவர்களுக்கு, அது இதுவரை சொல்லி முடித்த கதை என்று விளக்கவே வேண்டாம். ரெட்கான் கைவைப்பதும் அந்த முன்கதையில்தான். ‘பின்னோக்குத் தொடர்ச்சி’ ஆங்கிலச் சொல்லைப் பிரித்துப் பிரித்து மாற்றியது. கேட்பவர், கதை பின்னால் போய்த் தொடர்கிறது என்றுதான் நினைப்பார். அது ப்ரீக்வல், அதாவது முந்தைய காலத்தில் நடக்கும் கதையைப் பிற்பாடு சொல்வது. அதற்கும் சிலர் ‘முன்கதை’ என்றே எழுதுகிறார்கள் என்பது நியாயமான ஆட்சேபம்தான். காட் ஆஃப் வார் கேம் வரிசையில் 2013இல் வந்த அசென்ஷன் அப்படிப்பட்ட ஒன்று. அதை ‘முன்னிகழ் கதை’ என்று பிரித்துவிட்டால் குழப்பம் தீரும்.

அதே வரிசையில் இன்னொரு நுட்பமும் இருக்கிறது. 2005இல் வந்த முதல் கேமில் நாயகன் கிராட்டோஸ் பண்டோராவின் பெட்டியைத் திறப்பது போர்த் தெய்வம் ஏரிஸைக் கொல்லும் வலிமைக்காக. 2010இல் வந்த மூன்றாவது கேமில், அன்று திறந்த பெட்டியிலிருந்து தீமைகள் வெளியேறி ஒலிம்பஸ் தெய்வங்களைப் பிடித்துக்கொண்டன, ஜீயஸை அச்சம் ஆட்டிவைத்ததும் அதனால்தான் என்று ஏத்தினா சொல்கிறாள். நடந்தது அப்படியே இருக்கிறது, அதன் பொருள் மட்டும் மாறிவிட்டது. இதுவும் ரெட்கான்தான். ‘மாற்றம்’ இதற்கும் இடம் கொடுக்கும், ‘திருத்தம்’ கொடுக்காது. ஆனால் கிராட்டோஸ் ஜீயஸின் மகன் என்று இரண்டாவது கேமில் தெரியவருவது இதில் சேராது. முதல் கேமை முடித்தவர்களுக்குக் கிடைக்கும் கூடுதல் காட்சியிலேயே அதற்குக் குறிப்பு இருந்தது. ஒளித்து வைத்ததை வெளியே எடுப்பது வேறு, இல்லாததை இருந்ததாகச் சொல்வது வேறு.

அப்புறம், ‘ஓவிட் செய்ததும் ரெட்கான்தானே?’ என்று கேட்டிருந்தீர்கள். இல்லை என்பேன். கிரேக்கக் கவிஞர் ஹீசியடில் மெடூசா பிறவியிலேயே கோர்கன், அதாவது அரக்கி. ரோமானியக் கவிஞர் ஓவிடில் அவள் அழகி, மினர்வா தெய்வம்தான் அவள் கூந்தலைப் பாம்புகளாக்குகிறாள். பல நூற்றாண்டு இடைவெளியில் இரு கவிஞர்கள் சொன்ன இரண்டு கதைகள். ஒன்று மற்றொன்றின் அடுத்த அத்தியாயம் அல்ல. இதற்குப் ‘பாடபேதம்’ என்ற சொல் இருக்கவே இருக்கிறது. ஒரே தொடர் என்று உரிமை கொண்டாடும் கதைக்குள் நடந்தால்தான் முன்கதை மாற்றம். அந்த அளவுகோலில் பழங்காலத்தில் மிக நெருங்கி வருபவர் கிரேக்கக் கவிஞர் ஸ்டெசிகோரஸ். டிராய் போருக்குக் காரணமாகச் சொல்லப்படும் ஹெலனைப் பழித்துப் பாடியதால் கண் போயிற்று என்றும், ‘அந்தக் கதை மெய்யல்ல, நீ டிராய்க்குப் போகவே இல்லை’ என்று மாற்றிப் பாடியதும் பார்வை திரும்பியது என்றும் பிளேட்டோ எழுதியிருக்கிறார். தன் பாட்டைத் தானே மாற்றினார் அல்லவா, அதனால் அவரைச் சேர்த்துக்கொள்ளலாம்.

வாக்கியத்தில் வைத்தும் பார்த்தேன். ‘முன்கதையை மாற்றிவிட்டார்கள்’, ‘முன்கதை மாற்றப்பட்ட பாத்திரம்’, ‘இது முன்கதை மாற்றமா, மறுதொடக்கமா?’ எல்லாமே சரளமாக வருகின்றன. ‘மறுவாசிப்பு’ விமர்சகர்களின் வேலைக்குப் பழகிப்போன சொல், அதை அங்கேயே விட்டுவிடலாம்.

நம் கலைச்சொல் தொகுப்பில் சேர்க்க விளக்கம் இப்படி: ‘தொடர்கதையில் ஏற்கெனவே சொல்லப்பட்ட நிகழ்வையோ அதன் பொருளையோ, பின்னர் வரும் பகுதி வேறாக நிறுவுவது.’

ஒரு இடத்தில் மட்டும் உங்கள் கருத்து வேண்டும். 2020இல் முழுமையாக வெளியான ஹேடீஸ் கேமில் நாயகன் சாக்ரியஸ், பாதாளத் தெய்வம் ஹேடீஸின் மகன். பாடகன் ஆர்ஃபியஸின் பெயரால் வழங்கிய பழைய கிரேக்கச் சமய மரபான ஆர்ஃபிய மரபிலோ அவன் ஜீயஸின் மகன், மதுவின் தெய்வம் டயோனைசஸோடு ஒன்றாக வைக்கப்படுபவன். கேமுக்குள் சாக்ரியஸும் டயோனைசஸும் சேர்ந்து, ‘நாங்கள் இருவரும் ஒருவரே’ என்று ஆர்ஃபியஸிடம் கதை விடுகிறார்கள். அவனும் நம்பிப் பாட்டுக் கட்டிவிடுகிறான். பழைய பாடபேதம், புதுக் கதைக்குள் ஒரு குறும்பாக நுழைந்துவிட்டது. கேமின் சொந்த முன்கதை எதுவும் இதில் மாறவில்லை, ஆகவே நம் சொல் இதற்குப் பொருந்தாது. ‘பாடபேதம் தழுவல்’ என்று தனிப் பதிவு போடலாமா, அல்லது இதற்கு வேறு நல்ல சொல் யாரிடமாவது இருக்கிறதா?