ஒலிக்கலைஞரா, ஓசைக்கலைஞரா?

அன்பார்ந்த நண்பர்களுக்கு வணக்கம்.

ஆங்கிலேய இசைக்கலைஞர் பிறையன் ஈனோ (Brian Eno) பற்றிய சிறு அறிமுகம் ஒன்றைத் தமிழில் எழுதப்போய், அவருக்குரிய மூன்று தொழிற்பெயர்களைத் (experimental composer, producer, sound artist) தமிழாக்குவதில் சிக்கிக்கொண்டேன். முதலாவதில் எனக்குப் பெரிய பிணக்கில்லை. யாழ்ப்பாணத்தில் ‘சோதனை’ என்றால் பிள்ளைகளின் பரீட்சையோ வீதியில் மறித்து நடத்தும் சோதனையோதான் நினைவுக்கு வரும் என்றாலும், ‘பரிசோதனை நாடகம்’ என்று நாம் ஏற்கெனவே சொல்லிப் பழகியிருப்பதால் ‘பரிசோதனை இசையமைப்பாளர்’ நிற்கும். முடிவை முன்கூட்டி அறிய முடியாத செயலே பரிசோதனை என்று அமெரிக்க இசையமைப்பாளர் ஜோன் கேஜ் கொடுத்த விளக்கத்துக்கும் அது பொருந்துகிறது.

இரண்டாவதான ‘தயாரிப்பாளர்’ அவ்வளவு எளிதன்று. சினிமாவில் அவர் பணம் போடுபவர். வானொலியில் நிகழ்ச்சியை ஒப்பேற்றுபவர். ஈனோ 1984 முதல் டானியல் லனுவாவுடன் சேர்ந்து யூ2 என்ற ரொக் இசைக்குழுவுக்குச் செய்தது இவ்விரண்டும் அல்ல. குழுவினர் வாசித்தவற்றுள் எதை வைப்பது, எதை விடுவது, எந்த நிறத்தில் ஒலிக்கவைப்பது என்று ஒலிப்பதிவுக்கூடத்தில் இருந்து தீர்மானிக்கும் வேலை அது. நம் நாடகக்காரர்கள் ‘நெறியாள்கை’ என்ற அருமையான சொல்லை வைத்திருக்கிறார்கள். ‘இசைப்பதிவு நெறியாளர்’ என்று அதை நீட்டிக்கொள்ளலாம்.

இனி மூன்றாவது, sound artist. ‘ஒலிக்கலைஞர்’ என்பதே பெரும்பாலோர் தெரிவு. எனக்கு அது உடன்பாடில்லை. கோயில் திருவிழா அறிவித்தல்களில் ‘ஒலி, ஒளி அமைப்பு’ என்று அச்சிட்டிருப்பதைப் பார்த்து வளர்ந்த நமக்கு, அந்தச் சொல்லைக் கேட்டதும் பூவரச மரத்தில் ஒலிபெருக்கி கட்டுபவரே கண்முன் வருவார். (அவரும் ஒரு கலைஞர்தான், மறுக்கவில்லை.) தட்டச்சில் ஓர் எழுத்துப் பிசகினால் ‘ஒளிக்கலைஞர்’ ஆகிவிடும் ஆபத்து வேறு. மூத்தவர் ஒருவர் முன்மொழிந்த ‘ஒலிச்சிற்பி’ காதுக்கு இனியதே. எனினும் அது பட்டம்போல் இருக்கிறது; மோசமாகச் செய்பவரையும் அதே சொல்லால் அழைக்க முடிந்தால்தான் அது கலைச்சொல்.

ஆகவே ‘ஓசைக்கலைஞர்’ என்று முன்மொழிகிறேன். ஒலி இன்று பௌதிகப் பாடப்புத்தகத்தில் அலையாகவும் அதிர்வெண்ணாகவும் குடியேறிவிட்டது. ஓசையோ கேட்பவரின் செவியில் இருக்கிறது; செப்பலோசை, அகவலோசை, துள்ளலோசை, தூங்கலோசை என்று யாப்பிலக்கணம் வகுத்தது அலையை அன்று, செவி உணரும் தன்மையை. ‘ஓசை என்றால் இரைச்சல் ஆகிவிடாதா’ என்று கேட்பவர்கள், நல்லூர் மணியோசையை யாரும் இரைச்சல் என்று சொல்லிக் கேட்டிருக்கிறார்களா?

ஒரு தடையை நானே சொல்லிவிடுகிறேன். யானை வரும் பின்னே, மணியோசை வரும் முன்னே என்கிறோம். அதாவது ஓசை தன்னை எழுப்பிய பொருளுக்குக் கட்டியம் கூறுகிறது. 1948இல் பாரிசில் புகைவண்டி ஓசைகளைப் பதிந்து அவற்றைக்கொண்டே ஓர் ஆக்கம் செய்த பிரெஞ்சு இசையமைப்பாளர் பியர் ஷெஃபர் வேண்டியது இதற்கு நேர்மாறு: யானையை மறந்துவிட்டு மணியோசையை மட்டும் கேட்கச் சொன்னார். ஆனால் அந்தப் பிணக்கு இக்கலைக்கு உள்ளேயே இருப்பதால், அதை உட்கொண்ட சொல் இருப்பது நல்லதென்றே கருதுகிறேன். அமெரிக்கக் கலைஞர் மக்ஸ் நொய்ஹவுஸ் 1977இல் நியூயோர்க் ரைம்ஸ் சதுக்கத்தின் நடைபாதை இரும்புக் கிராதிக்கு அடியிலிருந்து இடைவிடாத ரீங்காரம் ஒன்றை எழச்செய்தார். அறிவிப்புப் பலகை எதுவும் வைக்கவில்லை. கடந்து போகிறவர் அதை ஏதோ இயந்திரத்தின் ஓசை என்று எண்ணிப் போகலாம், நின்று கேட்கவும் செய்யலாம். 1992இல் நின்றுபோன அது 2002இல் மீண்டும் ஒலிக்கத் தொடங்கியது. இதைச் செய்த நொய்ஹவுஸே பிற்காலத்தில் sound art என்ற பெயரே பயனற்றதென்று எழுதினார் என்பது நம் விவாதத்துக்குச் சற்றுச் சங்கடமான செய்தி.

அறிமுகக் குறிப்பில் இப்போதைக்கு ‘பரிசோதனை இசையமைப்பாளர், இசைப்பதிவு நெறியாளர், ஓசைக்கலைஞர்’ என்று இட்டிருக்கிறேன். நொய்ஹவுஸ் செய்தது போன்ற ஆக்கத்துக்கு ‘ஓசை நிறுவல்’ (sound installation) என்று எழுதியதுதான் இன்னும் உறுத்துகிறது. ‘நிறுவல்’ கேத்திரகணிதத் தேற்றத்தை நினைவூட்டுகிறது. மாற்றுச்சொல் வைத்திருப்பவர்கள் தந்துதவ வேண்டுகிறேன்.